அல்லகுறி: துயில்கரையின் கனவுக் குறிகள் எங்கிருந்து வந்தன?

துயில்கரை என்பது நான் ஆறேழு வருடமாகக் கட்டிக்கொண்டிருக்கும் கற்பனை உலகம். வரைபடத்தில் அது இரண்டு கடலுக்கு நடுவே நீண்டு கிடக்கும் ஒரு மணல்திட்டு. அங்கே இருப்பவர்களுக்கு மந்திரக்கோல் கிடையாது, உச்சாடனம் கிடையாது. கனவு கண்டு எழுந்தவர் யாரிடமும் வாய் திறப்பதற்கு முன்னால், ஈர மணலிலோ சாணி மெழுகிய தரையிலோ விரலால் ஒரு குறி வரைவார். அந்தக் குறி அழியும்வரை கனவுக்கும் நனவுக்கும் நடுவில் வழி திறந்திருக்கும். அலை வந்து அழிக்கலாம், காற்று அழிக்கலாம், கோழி கிளறியும் அழிக்கலாம். அழிந்ததும் வழி மூடிக்கொள்ளும். அந்த உலகத்தின் மந்திரம் மொத்தமும் இவ்வளவுதான்.

அந்தக் கதைகளைப் படித்தவர்கள் என்னிடம் கேட்பது பெரும்பாலும் ஒரே கேள்வி. இந்தக் குறிகளை எங்கே பிடித்தீர்கள்? வட ஐரோப்பாவின் பழங்கல்லெழுத்தா, எகிப்தா என்று கேட்கிறார்கள். தொண்டியில் தொடங்கி தேவிபட்டினம், மண்டபம், பாம்பன், கீழக்கரை, ஏர்வாடி வழியாக வாலிநோக்கம் வரைக்கும் போகும் கரைதான் அதன் மூலம். நான் பிறந்து வளர்ந்த இராமநாதபுரம் கடற்கரை. அதைக் கொஞ்சம் விரிவாகச் சொல்லத்தான் இந்தக் கட்டுரை.

முதலில் ‘குறி’ என்ற சொல்லைப் பார்க்க வேண்டும். ஒரு கற்பனை உலகத்துக்கு இதைவிட வளமான சொல் கிடைக்காது. வெளுக்கப் போகும் துணியில் போடும் அடையாளம் குறி. ஆட்டின் காதில் வெட்டி வைக்கும் அடையாளம் குறி. கோடாங்கி உடுக்கடித்துச் சொல்வது குறி. எய்கிறவன் பார்ப்பதும் குறி. இதற்கெல்லாம் முன்பே சங்க அகப்பாடல்களில் தலைவனும் தலைவியும் ஒளிந்து சந்திக்கும் இடத்துக்குப் பெயர் குறி. பகலில் என்றால் பகற்குறி, இரவில் என்றால் இரவுக்குறி. அடையாளம், வருங்காலம், இலக்கு, சந்திக்கும் இடம் என்று நான்கும் ஒரே சொல்லுக்குள் இருக்கின்றன. கனவைப் பற்றி எழுதுகிறவனுக்கு இந்த நான்கும் வேண்டும்.

இரவுக்குறியில் ஒரு நுட்பம் உண்டு. தலைவன் வந்ததைத் தெரிவிக்க நீரில் கல் எறிவான், அல்லது மரத்தில் அடைந்த பறவைகளைக் கலைப்பான். அந்தச் சத்தம் கேட்டுத் தலைவி வெளியே வருவாள். சில இரவுகளில் புன்னைக் காய் தானாக நீரில் விழும், பறவை தானாகச் சிறகடிக்கும். அவள் வந்து பார்த்தால் யாரும் இருக்கமாட்டார்கள். இதற்கு இலக்கணம் வைத்த பெயர் அல்லகுறி. யாரும் பொய் சொல்லவில்லை, யாரும் ஏமாற்றவில்லை. காய் விழுந்தது, அவள் மனம் அதை அழைப்பாக எடுத்துக்கொண்டது. இந்த ஒரு சொல்லைக் கையில் எடுத்த பிறகுதான் துயில்கரைக்கு உயிர் வந்தது. அந்த உலகத்தில் அரக்கன் இல்லை, இருள் அரசன் இல்லை. அங்கே எல்லோரும் அஞ்சுவது அல்லகுறிக்குத்தான்.

அல்லகுறி அங்கே கண்ணுக்கு எப்படித் தெரியும் என்பதற்கு நான் எதையும் புதிதாகக் கற்பனை செய்யவில்லை. வற்றுநேரத்தில் மண்டபம் பக்கம் போய் நின்று பாருங்கள். தண்ணீர் இறங்கிய ஈர மணலில் சின்னஞ்சிறு நண்டுகள் வளையைச் சுற்றி மணல் உருண்டைகளை அடுக்கி வைத்திருக்கும். மணலை வாயில் எடுத்து, அதிலுள்ள இரையை மட்டும் வடித்துத் தின்றுவிட்டு, மிச்சத்தை உருட்டிப் போடும். வளைக்குள் ஓடி ஒளியும் பாதை நடுவில் கோடாக நிற்கும். அதைச் சுற்றிப் புள்ளிகள், கதிர்கள், அரைவட்டங்கள். நின்று பார்த்தால் யாரோ உட்கார்ந்து கோலம் போட்டுவிட்டு இப்போதுதான் எழுந்து போனது மாதிரி இருக்கும். அடுத்த ஏற்றத்தில் அத்தனையும் போய்விடும். துயில்கரைக்காரர்கள் விடியலில் கரைக்கு வரும்போது எது மனுசன் போட்ட குறி, எது நண்டு போட்டது என்று பிரிக்கத் தெரிந்திருக்க வேண்டும். தெரியாதவர், யாரும் காணாத கனவுக்குள் போய் மாட்டிக்கொள்வார்.

அதைப் பிரித்தறியும் சோதனையும் இந்தக் கரையில் கிடைத்ததுதான். மண்டபம், பாம்பன் பக்கத்துப் பெண்கள் கடலுக்குள் இறங்கிப் பாசி எடுப்பார்கள். மரிக்கொழுந்துப் பாசி, கஞ்சிப் பாசி, கட்டக்கோரை, பக்கடாப் பாசி என்று ஒவ்வொன்றுக்கும் பெயர் உண்டு, பருவம் உண்டு. பாறையிலும் பவளத்திலும் கை கிழியாமல் இருக்க ஒவ்வொரு விரலிலும் துணிக்கீற்றைச் சுற்றிக் கட்டியிருப்பார்கள். அப்படிச் சுற்றிய விரலோடு ஒரு அக்கா கரையில் உட்கார்ந்து, கணக்குச் சொல்வதற்காக மணலில் கோடு போட்டதை ஒருமுறை கிட்ட இருந்து பார்த்தேன். கோட்டின் உள்ளே துணியின் இழை பதிந்திருந்தது, பாயில் படுத்து எழுந்தவன் கன்னம் மாதிரி. துயில்கரையில் குறி வரைகிறவர்கள் விரலில் துணி சுற்றித்தான் வரைய வேண்டும் என்ற விதி அன்றைக்கே முடிவானது. இழை பதிந்திருந்தால் மனுசக் குறி, இல்லையென்றால் அல்லகுறி.

இந்த இடத்துக்கு வந்து சேர எனக்கு ரொம்ப நாள் பிடித்தது. முதல் வடிவத்தில் நாற்பது குறிகளை வரைந்து, பக்கத்தில் பலன் எழுதி வைத்திருந்தேன். பாம்பு என்றால் பகை, பால் என்றால் செல்வம், பல் விழுந்தால் சாவு என்று கனவுப் பலன் புத்தகங்களில் இருக்கும் அதே தோரணை. பத்தாவது படிக்கும் என் அக்கா மகளிடம் காட்டினேன். முழுக்கப் படித்துவிட்டு, “மாமா, இதை மனப்பாடம் பண்ணிட்டா யாரு வேணாலும் மந்திரவாதி ஆயிரலாம்ல?” என்றாள். அவள் சொன்னது சரி. குறிக்கு அகராதி போட்டுவிட்டால் அது வெறும் பூட்டுச் சாவியாகிவிடுகிறது. கனவு கண்டவள் யார், அவள் வீட்டில் என்ன நடக்கிறது என்பதெல்லாம் தேவையில்லாமல் போய்விடுகிறது. நம் மரபு கனவை அப்படி மட்டும் வாசித்ததில்லை. அந்த நாற்பதையும் தூக்கிப் போட்டுவிட்டு, மூன்று கேள்விகளை வைத்துக்கொண்டு மறுபடி தொடங்கினேன். எந்தக் காற்றில் தூங்கினாய்? எந்தச் சாமத்தில் கண்டாய்? யாரிடம் சொல்லப் போகிறாய்?

காற்று ஏன் முதல் கேள்வி என்பது இந்தக் கரைக்காரர்களுக்குச் சொல்லாமலே புரியும். இராமேசுவரம் தீவுக்கு வடக்கே பாக் நீரிணை, தெற்கே மன்னார் வளைகுடா. தனுஷ்கோடிப் பக்கம் போனால் ஒன்றைப் பெண் கடல் என்றும் மற்றதை ஆண் கடல் என்றும் சொல்வார்கள். வடக்கே குளம் மாதிரி கிடக்கும் தண்ணீர், தெற்கே ஓயாமல் அடித்துக்கொண்டிருக்கும். வெளியூர்க்காரர்கள் ஒரு நாள் வந்து பார்த்துவிட்டு, இது சாது, அது முரடு என்று முடிவு கட்டிப் போவார்கள். அந்த முடிவு ஒரு பருவத்துக்குத்தான் செல்லும். கச்சான் என்கிற தென்மேற்குக் காற்று அடிக்கும் மாதங்களில் தெற்குக் கடல் கொந்தளிக்கும். வாடை திரும்பி வடகிழக்குப் பருவமழை வந்துவிட்டால் வடக்குக் கடல் எழும்பும், தெற்கு தணியும். ஒதுங்கும் பக்கம் பார்த்துப் படகை மாற்றிக் கட்டுவார்கள். துயில்கரையிலும் அப்படித்தான். கச்சானில் தூங்கிக் கண்ட கனவுக்கு வரையும் குறியும், வாடையில் கண்டதற்கு வரையும் குறியும் பார்க்க ஒன்றாகவே இருக்கும், பொருள் மட்டும் தலைகீழாகும். கச்சானில் ‘வா’ என்பது வாடையில் ‘போ’. என் கதை ஒன்றில் ஒரு பெண் பருவம் மாறும் அந்த ஒற்றை இரவில் கனவு காண்கிறாள். காற்று எந்தப் பக்கம் என்று ஊருக்கே தெரியாத இரவு அது. அந்தக் கதையின் சிக்கல் முழுவதும் அந்தக் காற்றில்தான்.

சாமத்தைப் பற்றி நான் நீட்ட வேண்டியதில்லை. விடியக்காலைக் கனவு பலிக்கும் என்று சொல்லாத வீடு கிடையாது. முதற்சாமத்தில் கண்டது பலிக்க நாளாகும், கடைச்சாமத்தில் கண்டது சீக்கிரம் பலிக்கும் என்பது பழைய கணக்கு. துயில்கரையில் அதையே குறியின் ஆயுளாக மாற்றினேன். முதற்சாமக் கனவுக்குக் குறியை உலர்ந்த மணலில், அலை எட்டாத மேட்டில் வரைய வேண்டும், அது நாள்கணக்கில் நிற்கும். கடைச்சாமக் கனவுக்கு அலைவாயில் வரைய வேண்டும். மூன்றாவது அலைக்குள் வேலை முடிந்தாக வேண்டும்.

மூன்றாவது கேள்விதான் பெரியது.

சின்ன வயதில் கெட்ட கனவு கண்டு அலறி எழுந்தால் அப்பத்தா முதலில் கையால் என் வாயைப் பொத்தும். “ஏய், வாயத் தொறக்காத. எங்கிட்டயும் சொல்லாத. நேரா போயி கெணத்துல சொல்லிட்டு வா” என்று முதுகைத் தட்டி அனுப்பும். இருட்டில் போய்க் கிணற்றுக்குள் குனிந்து கனவைச் சொல்வேன். என் குரலே கிணற்றுக்குள் சுற்றித் திரும்பி வரும். அதன்பிறகு கனவு என்னுடையது இல்லை என்று நிஜமாகவே தோன்றும், போய்ப் படுத்தால் தூக்கமும் வரும். கீழக்கரையில் என் நண்பன் வீட்டில் அவனுடைய உம்மா வேறு மாதிரி பழக்கியிருந்தார்கள். கெட்ட கனவு கண்டால் இடப்பக்கம் மூன்று தடவை லேசாகத் துப்பி, இறைவனிடம் பாதுகாப்புத் தேடி, புரண்டு படுக்க வேண்டும். அதை யாரிடமும் சொல்லக் கூடாது. நல்ல கனவு என்றாலும் நம்மேல் பிரியம் உள்ளவர்களிடம் மட்டும்தான் சொல்லலாம். இரண்டு வீடும் இரண்டு மார்க்கம். ஆனால் கனவு சொல்லப்பட்டதும் மாறிவிடும், அதனால் கேட்பவரைப் பார்த்துச் சொல்ல வேண்டும் என்பதில் இரண்டு வீட்டுக்கும் ஒரே நம்பிக்கை.

சிலப்பதிகாரத்தில் கனாத்திறம் உரைத்த காதை ஒன்பதாவதாக வருகிறது. கண்ணகி தன் கனவைத் தோழி தேவந்தியிடம் சொல்கிறாள். கோவலனோடு ஒரு பெரிய நகருக்குள் போனதாகவும், அங்கே தேளைத் தூக்கிப் போட்டதுபோல ஒரு பழிச்சொல்லை அவர்கள்மேல் போட்டதாகவும், கோவலனுக்குத் தீங்கு நேர்ந்ததாகவும், தான் அரசன் முன்னால் போய் வழக்குரைத்ததாகவும், அரசனும் ஊரும் கெட்டதாகவும் சொல்கிறாள். வரப்போகும் கதை மொத்தமும் அதில் இருக்கிறது. தேவந்தி கேட்டுவிட்டு, கடலோடு காவிரி சேரும் இடத்தில் இரண்டு குளங்களில் நீராடிக் காமன் கோட்டத்தில் தொழுதால் கணவனோடு இன்பமாக வாழலாம் என்கிறாள். தோழியின் அன்பில் குறை இல்லை. ஆனால் அவள் பதில் சொன்னது கணவன் பிரிந்த துயரத்துக்கு. கண்ணகி சொன்ன கனவு அவள் காதில் ஏறவே இல்லை. கண்ணகி அதைப் பீடன்று, அதாவது பெருமை இல்லை, என்று மறுத்துவிடுகிறாள். எத்தனை முறை படித்தாலும் என்னை உலுக்கும் இடம் இது. சீவக சிந்தாமணியில் விசயையின் கனவு இன்னொரு விதம். பூத்து நின்ற அசோகமரம் சாய்கிறது, அதன் அடியிலிருந்து எட்டு மாலைகளோடு ஒரு முளை எழுகிறது. அவள் அதைத் தன் கணவனான மன்னனிடம் சொல்கிறாள். முளை பிறக்கப்போகும் மகன், மாலைகள் அவனுக்கு வரப்போகும் மனைவியர். சாய்ந்த அசோகு, கேட்டுக்கொண்டிருக்கும் அவனேதான்.

இந்த இரண்டிலிருந்தும் துயில்கரைக்கு ஒரு பதவி கிடைத்தது. அங்கே ஒவ்வொரு ஊரிலும் ‘காது’ என்று ஒருவர் இருப்பார். கனவைக் கேட்பது மட்டுமே அவர் வேலை, பலன் சொல்லக் கூடாது. கேட்டதைத் தன் விரலால் மறுபடி வரைந்து காட்ட வேண்டும். இரண்டு குறியும் ஒத்துப்போனால் அவர் சரியாகக் கேட்டார். ஒத்துப்போகாவிட்டால் தன் மனத்தில் இருந்ததைக் கேட்டிருக்கிறார். தன்னைப் பற்றிய கனவை மட்டும் அவர் கேட்கக் கூடாது. அது தன்னைப் பற்றியதுதான் என்று அவருக்கு எப்படித் தெரியும் என்பதில்தான் கதைகள் பிறக்கின்றன.

இனி குறிகள். நாற்பது இப்போது ஏழாகிவிட்டது. எல்லாவற்றையும் இங்கே சொல்லப்போவதில்லை, எனக்கு நெருக்கமான சிலவற்றை மட்டும் சொல்கிறேன்.

கண்ணி. நான்கு முடிச்சு, நான்கு கோடு, ஒரு சாய்சதுரம். வலைக்கண். வரைவதற்கு இதுதான் ஆக எளிது. இதன் விதி வலை சரிசெய்பவர்களிடமிருந்து வந்தது. கரையில் பூவரசு நிழலில் உட்கார்ந்து, கால் கட்டைவிரலில் வலையை மாட்டி இழுத்துப் பிடித்துக்கொண்டு ஒரு பெரியவர் கிழிசல் சரிசெய்வதைப் பார்த்திருக்கிறேன். நண்டோ பாறையோ கிழித்த ஓட்டை. ஊசியை எடுத்து நேராகத் தைக்கத் தொடங்குவார் என்று நினைத்தேன். அவர் கத்தியை எடுத்தார். ஓட்டையைச் சுற்றி இன்னும் நாலைந்து கண்ணிகளை வெட்டினார், கிழிசல் இரண்டு மடங்கானது. “என்ன பெரியப்பா, பெருசாக்குறீங்க?” என்று கேட்டேன். பிய்ந்த நூலில் முடிச்சு நிற்காதாம். முடிச்சு ஒன்றுக்கு நான்கு கால். மூன்று கால் உயிரோடு இருக்கும் முடிச்சு ஒன்றைத் தேடி, அங்கே தொடங்கி, வரிசை வரிசையாகப் புதுக்கண்ணி பின்னிக்கொண்டு வந்து, மூன்று கால் உள்ள இன்னொரு முடிச்சில் முடிக்க வேண்டும். நடுவில் ஒன்று தப்பினால் வலை அந்த இடத்தில் சுருங்கி இழுக்கும். “நல்லதையும் கொஞ்சம் வெட்டுனாத்தான்டா கெட்டது சேரும்” என்றார்.

துயில்கரையில் ஒரு கனவு பாதியில் அறுந்தால், அதாவது யாரோ தட்டி எழுப்பிவிட்டால், கண்ணிக் குறி போட்டு அதைச் சேர்க்கலாம். ஆனால் அறுந்த இடத்திலேயே சேராது. முன்னால் நன்றாகக் கண்ட பகுதியிலும் கொஞ்சத்தை வெட்டி எறிய வேண்டும். எதை வெட்டுவது என்பது வரைகிறவர் கையில். செத்துப்போன மகனைக் கனவில் கண்டு, அவன் ஏதோ சொல்லவரும் நேரத்தில் எழுப்பப்பட்ட தாய், அவன் சொல்லவந்ததைக் கேட்க வேண்டுமானால் அவன் சிரித்த கணத்தை வெட்ட வேண்டிவரும். அந்தக் கதையை நான் மூன்று தடவை எழுதினேன், மூன்றிலும் அவள் வேறு வேறு முடிவு எடுத்தாள்.

சுழி. சங்கிலிருந்து வந்தது. சங்கு குளிப்பது இந்தக் கரையின் பழைய தொழில், கீழக்கரைச் சங்கு வங்காளம் வரை வளையலுக்குப் போனது. வலம்புரிக்கு இருக்கும் மதிப்பு எல்லோருக்கும் தெரியும். பலரும் கவனிக்காத ஒன்று உண்டு. நாம் வலம்புரி என்பதை உயிரியல் படித்தவர்கள் இடச்சுழி என்பார்கள். இரண்டு பேரும் சரிதான். அவர்கள் கூம்பு முனை மேலே இருக்கும்படி பிடித்துப் பார்க்கிறார்கள், நாம் வால் பக்கம் மேலே இருக்கும்படி பிடித்துப் பார்க்கிறோம். சங்கு அதேதான், வாய் மட்டும் பக்கம் மாறிவிடுகிறது. கீழக்கரையில் பழைய வீடுகளில் இன்னொரு அதிசயமும் உண்டு, அரபுத்தமிழ். பேசுவது தமிழ், எழுதுவது அரபு எழுத்தில், தமிழ் ஒலிகளுக்கென்று சில எழுத்துகளைக் கூடுதலாக உருவாக்கிக்கொண்டு, வலமிருந்து இடமாக. ஒரே மொழி இரண்டு திசையில் ஓடிய ஊர் அது. துயில்கரையில் சுழிக்குறிக்கு மேல், கீழ் கிடையாது. வரைந்தவர் ஒரு பக்கமும் கேட்பவர் எதிர்ப்பக்கமும் உட்கார வேண்டும். ஒருவருக்கு வலமாக ஓடுவது மற்றவருக்கு இடமாக ஓடும். இரண்டு பேரும் எழுந்து இடம் மாறி உட்கார்ந்து பார்த்த பிறகுதான் குறி வேலை செய்யும்.

ஒன்பது கல் என்ற குறி, தேவிபட்டினத்தில் கடலுக்குள் நிற்கும் நவபாஷாணத்தைப் பார்த்து எழுந்தது. ராமர் வைத்தது என்று தலபுராணம், ஒன்பது கோள்களாக நினைத்து மக்கள் சுற்றி வருகிறார்கள். என்னைப் பிடித்தது அந்தக் கற்களுக்கு நடுவே ஏறி இறங்கும் தண்ணீர். புள்ளி மாறாமல் நிற்கிறது, கோடு மட்டும் ஓடிக்கொண்டே இருக்கிறது. சிக்குக்கோலமும் அதே கணக்குத்தான். இந்தக் குறியில் புள்ளியை மட்டும் மனிதர்கள் வைப்பார்கள், கோட்டைத் தண்ணீர் போடும்.

நிலை. இதை எழுதக் கை தயங்கியது. இரண்டு நெடுக்குக் கோடு, மேலே ஒரு குறுக்குக் கோடு, சுவர் இல்லாத நிலைவாசல். தனுஷ்கோடியில் இடிந்து நிற்கும் தேவாலயத்தையும் ரயில் நிலையத்தையும் பார்த்தவர்களுக்கு விளக்க வேண்டியதில்லை. 1964 டிசம்பர் 22 இரவு புயலும் கடலும் சேர்ந்து அந்த ஊரை எடுத்துக்கொண்டன. பாம்பனிலிருந்து கிளம்பிய பயணிகள் ரயில் ஊரைத் தொடும் முன்பே மூழ்கியது, அதில் இருந்த நூறுக்கும் மேற்பட்டவர்களில் ஒருவரும் மீளவில்லை. அந்த இரவில் பலர் தூக்கத்தில் இருந்திருப்பார்கள், அவர்களும் கனவு கண்டுகொண்டிருந்திருப்பார்கள். இந்த நினைப்பு எனக்கு வந்தபிறகு போகவே இல்லை. ஊர் மட்டுமில்லை, தீவும் போகிறது. 1986இல் கடல்சார் தேசியப் பூங்காவாக அறிவிக்கப்பட்ட மன்னார் வளைகுடாவின் 21 தீவுகளில் பூவரசன்பட்டியும் விலாங்குச்சல்லியும் நீருக்குள் போய்விட்டன.

மூழ்கிய ஊரை வைத்துக் கதை எழுதுவது சுலபம். பேய், சாபம், மீண்டெழும் நகரம் என்று என்னவும் எழுதலாம். அந்தப் பக்கமே நான் போகவில்லை. அந்த ஊர்க்காரர்களின் பிள்ளைகளும் பேரப்பிள்ளைகளும் இங்கேதான் இருக்கிறார்கள், என் கதையை அவர்கள் படிக்கலாம். ஆகவே துயில்கரையில் நிலைக்குறியை வைத்து மூழ்கியவர்களைக் கூப்பிட முடியாது. அவர்களே கனவில் வந்து தட்டினால் மட்டும், எழுந்ததும் நிலையை வரைந்து திறந்துவைக்கலாம். வந்தவர்களிடம் எதிர்காலம் கேட்கக் கூடாது. சாப்பிட்டீங்களா என்றுதான் கேட்க வேண்டும்.

அங்கிருந்து வந்ததுதான் விருந்து என்ற விலை. மந்திரம் உள்ள எந்த உலகத்திலும் அதற்கு ஒரு விலை இருக்க வேண்டும், இல்லாவிட்டால் கதையில் எதற்கும் கனம் இருக்காது. ரத்தம், ஆயுள், நினைவு என்று பலரும் பலவற்றை வைப்பார்கள். எனக்கு வழிகாட்டியது 1211ஆம் குறள். காதலர் அனுப்பிய தூதோடு வந்த கனவுக்கு நான் என்ன விருந்து வைப்பேன் என்று ஒருத்தி தவிக்கிறாள். கனவு வீட்டுக்கு வந்த ஆள், பசியோடு வந்திருக்கும் என்று நினைக்கும் மனசு அது. துயில்கரையில் குறி வரைந்தவர் அன்று ஒருவருக்காவது சோறு போட்டாக வேண்டும். கஞ்சியானாலும் சரி, கருவாட்டுத் துண்டு தொட்டுக்க இருந்தால் போதும். போட முடியாத ஏழை குறி வரைய முடியாதா என்று கேட்டால், அவருக்காகப் பக்கத்து வீடு போடலாம். அப்போது அந்தக் கனவில் பக்கத்து வீட்டுக்கும் பங்கு வந்துவிடும். பஞ்ச காலத்தில் அங்கே ஊரே ஒரு கனவைப் பங்கு வைத்துக் காண்கிறது.

படிக்க முடியாத குறிகளும் அந்த உலகத்தில் உண்டு. வைகை கடலில் சேரும் இடத்துக்குப் பக்கத்தில் அழகன்குளம் அகழாய்வில் தமிழி என்ற பழந்தமிழ் எழுத்தோடும் கீறல் குறிகளோடும் பானை ஓடுகள் கிடைத்தன, கப்பல் உருவம் கீறிய ஓடும் கிடைத்தது. எழுத்தைப் படித்துவிட்டார்கள். கீறல் குறிகள் குயவர் அடையாளமா, சொந்தக்காரர் அடையாளமா, வேறு எதுவுமா என்று ஆய்வாளர்கள் இன்னும் பேசிக்கொண்டிருக்கிறார்கள். துயில்கரையில் மணலைத் தோண்டும்போது அப்படி ஓடுகள் வரும். எந்தக் கதையிலும் யாரும் அவற்றைப் படித்துவிட மாட்டார்கள். எழுதுகிற எனக்கும் அவற்றின் பொருள் கிடையாது, வேண்டுமென்றே வைத்துக்கொள்ளவில்லை.

கடைசியாக ஒரு விதி, கதைக்காகப் போட்டதில்லை. ஏர்வாடி தர்காவுக்கு எல்லா மதத்தவரும் வருகிறார்கள். மனநோயால் துன்பப்படுகிறவர்களை அழைத்துவந்து நாள்கணக்கில், மாதக்கணக்கில் தங்குகிறார்கள். கனவில் உத்தரவு வரும், குணமாகும் என்ற நம்பிக்கை. அந்த நம்பிக்கையோடு முற்றத்தில் படுத்திருக்கும் தாய்மார்களைப் பார்த்திருக்கிறேன், அவர்களைக் குறை சொல்ல எனக்கு வாய் வராது. 2001 ஆகஸ்ட் 6 அன்று ஏர்வாடியில் ஒரு தனியார் காப்பகத்தில் தீப்பிடித்தது. அங்கே சங்கிலியால் கட்டப்பட்டிருந்தவர்கள் ஓட முடியவில்லை, 28 பேர் இறந்தார்கள். கனவைப் பற்றியும் மந்திரத்தைப் பற்றியும் இந்தக் கரையிலிருந்து எழுதுகிறவன் இதைத் தாண்டிப் போக முடியாது. மன நோய்க்கு மருத்துவம் உண்டு, மருத்துவர் உண்டு, கனவுக்காகக் காத்திருப்பவர்களும் மருந்தை விடக் கூடாது. துயில்கரையில் முதல் சட்டம் இப்படிப் போகும்: தூங்குகிறவர் காலில் கயிறு இருக்கக் கூடாது. கட்டப்பட்டவர் கண்ட கனவுக்கு யார் வரைந்தாலும் அது அல்லகுறி. வாசகர்களில் சிலர், இந்தச் சட்டத்துக்கு மட்டும் கதையில் காரணமே சொல்லவில்லையே என்றார்கள். காரணம் கதைக்கு வெளியே இருக்கிறது.

அக்கா மகள் இப்போது கல்லூரிக்குப் போய்விட்டாள். புது விதிகளைப் படித்துவிட்டுப் போன மாதம் ஒரு சந்தேகம் கேட்டாள். “மாமா, அங்கயும் கெட்ட கனவ கெணத்துல சொல்றாங்க, சரி. அந்தத் தண்ணிய அப்பறம் எப்படிக் குடிப்பாங்க?” நான் யோசித்திருக்கவே இல்லை. இரண்டு நாள் கழித்துத்தான் பதில் கிடைத்தது. அதுவும் இங்கேயே இருந்தது. நம் கரையில் பாதிக் கிணறு உப்பு. தனுஷ்கோடியிலோ கடலிலிருந்து கூப்பிடு தூரத்தில் கையால் மணலைத் தோண்டினால் முழங்கை ஆழத்தில் நல்ல தண்ணீர் ஊறும். காத்திருந்து சிரட்டையால் அள்ளிக் குடத்தை நிரப்புவார்கள். மணல் சரிந்தால் அடுத்த நாள் வேறு இடத்தில் தோண்டுவார்கள். துயில்கரையில் கிணறுகள் எல்லாமே, இவ்வளவு கனவுகளைக் கேட்டுக் கேட்டு, உப்பாகிவிட்டன. அதனால் அங்கே யாரும் கிணற்றில் குடிப்பதில்லை. விடிந்ததும் குறியை வரைந்துவிட்டு, விரலில் சுற்றிய துணியை அவிழ்த்து, அலைக்குக் கொஞ்சம் மேலே உட்கார்ந்து அன்றைய ஊற்றைத் தோண்டுகிறார்கள்.